ஃபின்டெக் தொடங்குமுன்: பணம் யார் கணக்கில் நிற்கும்?

ஃபின்டெக் என்றால் தொழில்நுட்பத்தை வைத்துப் பணச் சேவை தருகிற கம்பெனி. அதைத் தொடங்க வேண்டும் என்று மாதத்துக்கு இரண்டு மூன்று பேராவது கேட்டுவிடுகிறார்கள். "அண்ணா, ஒரு ஃபின்டெக் ஐடியா இருக்கு, பத்து நிமிஷம் பேசலாமா?" சரி என்று உட்கார்ந்தால் ஒன்பது நிமிஷம் ஆப்பின் திரைகளைத்தான் காட்டுவார்கள். நிறம் அழகாக இருக்கும், லோகோ அழகாக இருக்கும். எல்லாம் பார்த்து முடித்ததும் நான் ஒரே ஒரு கேள்வி கேட்பேன்: வாடிக்கையாளர் கொடுக்கிற பணம் உங்கள் கம்பெனிக் கணக்கில் ஒரு நிமிஷமாவது நிற்குமா? இதற்குப் பட்டென்று பதில் சொன்னவர்களை ஒரு கை விரலில் எண்ணிவிடலாம்.

நான் எட்டு வருடமாக இந்தத் தொழிலில் இருக்கிறேன். சென்னையில், மளிகைக் கடைகளுக்குச் சரக்கு எடுக்கக் குறுகிய காலக் கடன் ஏற்பாடு செய்து கொடுக்கிற சின்னக் கம்பெனி. நூறு கோடி டாலர் மதிப்புள்ள யூனிகார்ன் எல்லாம் கிடையாது, மாதம் பிறந்தால் சம்பளம் போடுகிறோம், அவ்வளவுதான். அதனால் இது நூறு கோடி திரட்டுவது எப்படி என்கிற பாடம் இல்லை. இந்தியாவில் ஃபின்டெக் நிறுவனராக ஐந்தாறு வருடம் தாக்குப்பிடிப்பது எப்படி என்று எனக்குத் தெரிந்ததை வரிசையாகச் சொல்கிறேன்.

முதலில் அந்தக் கேள்வி

மற்ற ஸ்டார்ட்அப்பில் பொருளைச் செய்துவிட்டு அப்புறம் சட்டத்தைப் பார்த்துக்கொள்ளலாம் என்று ஓட்டலாம். இங்கே அது நடக்காது. அடுத்தவர் பணத்தைத் தொட்டால் அனுமதி வேண்டும், தொடாவிட்டால் தொடுகிற ஒருவரோடு ஒப்பந்தம் வேண்டும். இந்த இரண்டில் எது என்பதுதான் உங்களுக்கு எத்தனை கோடி வேண்டும், எத்தனை மாதம் காத்திருக்க வேண்டும், யாரை வேலைக்கு எடுக்க வேண்டும் என்பதையெல்லாம் முடிவு செய்யும்.

கடைக்காரர்களுக்காக ஆன்லைன் பணத்தை வாங்கி அவர்களுக்குப் பிரித்துக் கொடுப்பது பேமென்ட் அக்ரிகேட்டர் வேலை. 2020 மார்ச்சில் ரிசர்வ் வங்கி இதற்கு விதி போட்டது. விண்ணப்பிக்கும்போதே நெட் ஒர்த், அதாவது கடன் போக மிஞ்சுகிற சொத்து, 15 கோடி, மூன்றாவது நிதியாண்டு முடிவுக்குள் 25 கோடி. வாலட் அல்லது ப்ரீபெய்டு கார்டு என்றால் தொடக்கத்தில் 5 கோடி, பிறகு 15 கோடி. சொந்தமாகக் கடன் கொடுக்க வேண்டும் என்றால் என்பிஎஃப்சி (வங்கி அல்லாத நிதி நிறுவனம்) பதிவு, புதிதாக வருகிறவர்களுக்குச் சொந்த நிதி 10 கோடி. ஒரு காலத்தில் இது 2 கோடியாக இருந்தது. "யாரோ 2 கோடியில் ஆரம்பித்தார்களாமே" என்று உங்கள் மாமா சொன்னால் அவர் பழைய கதை சொல்கிறார். வாடிக்கையாளரின் சம்மதத்தோடு வங்கி விவரங்களை ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குக் கொண்டு சேர்க்கிற அக்கவுன்ட் அக்ரிகேட்டருக்கு 2 கோடி போதும், ஆனால் அவர் பணத்தைத் தொடவே கூடாது, அந்த விவரத்தைச் சேர்த்து வைத்துக்கொள்ளவும் கூடாது.

இந்தத் தொகை எதுவும் கையில் இல்லையா? நம்மில் பெரும்பாலோர் அந்த வகைதான். அப்படியென்றால் லைசென்ஸ் உள்ளவரின் தோளில் ஏறிப் போக வேண்டும். கடனில் இதற்கு எல்எஸ்பி (லெண்டிங் சர்வீஸ் ப்ரொவைடர்) என்று பெயர். ஆளைக் கண்டுபிடிப்பது, ஆவணம் வாங்குவது, வசூலில் உதவுவது உங்கள் வேலை, கடன் கொடுப்பது அவர்கள். 2022 செப்டம்பரில் வந்த டிஜிட்டல் கடன் விதிகளின்படி பணம் கடன் கொடுக்கிற நிறுவனத்தின் கணக்கிலிருந்து கடன் வாங்குகிறவரின் கணக்குக்கு நேராகப் போக வேண்டும், திரும்பி வரும்போதும் அப்படியே. நடுவில் உங்கள் கணக்கு வரக் கூடாது. உங்கள் கட்டணத்தையும் அந்த நிறுவனம்தான் தர வேண்டும், கடன் வாங்கியவரிடம் நீங்கள் கை நீட்டக் கூடாது.

இன்னும் சின்னதாகத் தொடங்க வழி கேட்டால், மியூச்சுவல் ஃபண்டு விநியோகம். பங்குச் சந்தைக் கல்வி நிறுவனமான என்ஐஎஸ்எம் நடத்துகிற ஐந்து ஏ தேர்வை எழுதித் தேறி, மியூச்சுவல் ஃபண்டு நிறுவனங்களின் சங்கமான ஆம்ஃபியில் ஏஆர்என் என்கிற பதிவு எண் வாங்கினால் போதும். கோடிகள் வேண்டாம். எடுத்த எடுப்பிலேயே வாலட் கனவு காண்கிற பையன்களிடம் இதைச் சொன்னால் முகம் சுருங்குகிறது, ஏனோ தெரியவில்லை.

வருமானம் எங்கிருந்து வரும்

யுபிஐ 2016 ஏப்ரலில் வந்தது. 2023 ஆகஸ்டில் ஒரே மாதத்தில் ஆயிரம் கோடிப் பரிவர்த்தனைகளைத் தாண்டியது. இதைக் கேட்டதும் "அதில் ஒரு துளி நமக்கு வந்தால் போதுமே" என்று எல்லோருக்கும் தோன்றும். எனக்கும் தோன்றியது. ஆனால் 2020 ஜனவரி 1 முதல் யுபிஐக்கும் ரூபே டெபிட் கார்டுக்கும் கடைக்காரரிடம் வாங்குகிற எம்டிஆர் என்கிற பரிவர்த்தனைக் கட்டணம் பூஜ்யம். அதாவது பாலம் கட்டலாம், சுங்கம் வசூலிக்க முடியாது. பெரிய ஆப்கள் கடன், காப்பீடு, பங்கு வர்த்தகம் என்று பக்கத்து வாசல்களைத் திறந்து வைத்திருப்பதற்கு இது ஒரு முக்கியக் காரணம். உங்கள் திட்டத்தில் "பரிவர்த்தனைக்கு இவ்வளவு பைசா" என்று ஒரு வரி இருந்தால், அந்தப் பைசாவை யார் தரப்போகிறார், எதற்காகத் தர வேண்டும் என்று பக்கத்திலேயே எழுதிப் பாருங்கள். எழுத வரவில்லை என்றால் அந்த வரியை அடித்துவிடுங்கள்.

கடன் பக்கத்துக் கணக்கையும் போட்டுக் காட்டுகிறேன், இதை முதல் நாளே யாராவது எனக்குச் சொல்லியிருந்தால் ஒரு வருடம் மிச்சமாகியிருக்கும். ஒரு கடைக்கு 50,000 ரூபாய், 90 நாளுக்கு, கூட்டாளி என்பிஎஃப்சி வழியாக ஏற்பாடு செய்கிறீர்கள் என்று வையுங்கள். வட்டியில் உங்கள் பங்கு ஆண்டுக்கு 4 சதவீதம் என்றால் அந்தக் கடனில் உங்களுக்குக் கிடைப்பது ஏறக்குறைய 493 ரூபாய். அதில்தான் கேஒய்சி (ஆள் அடையாளம் சரிபார்ப்பது) செலவு, பழைய கடன் வரலாற்றைச் சொல்கிற கிரெடிட் பீரோ அறிக்கை, எஸ்எம்எஸ், நேரில் போகிற பையனின் பெட்ரோல் எல்லாம். இப்போது நூறு கடைகளில் ஒரே ஒரு கடை முழுசாகக் கட்டாமல் போனால்? நஷ்டம் 50,000. நூறால் வகுத்தால் கடனுக்கு 500 ரூபாய். உங்கள் மொத்த வருமானத்தையும் ஒரே ஒரு கடை சாப்பிட்டுவிட்டது.

அது என்பிஎஃப்சியின் நஷ்டம்தானே என்று கேட்பீர்கள். அவர்கள் உங்களிடம் டீஃபால்ட் உத்தரவாதம் கேட்பார்கள், அதாவது கடன் திரும்பாவிட்டால் நஷ்டத்தில் ஒரு பங்கை நீங்கள் ஏற்க வேண்டும். முன்பு இதற்கு வரம்பே இல்லாமல் ஓடிக்கொண்டிருந்தது, 2023 ஜூனில் ரிசர்வ் வங்கி கடன் தொகுப்பில் 5 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது என்று கட்டியது. அதுவும் வெறும் வாய்ப்பேச்சோ காகிதமோ செல்லாது, ரொக்கமாகவோ, அவர்கள் பெயரில் லியன் (பிடிமானம்) போட்ட வைப்புத்தொகையாகவோ (எஃப்டி), வங்கி உத்தரவாதமாகவோ வைக்க வேண்டும். 10 கோடிக்குக் கடன் ஓட வேண்டும் என்றால் 50 லட்சம் ரூபாய் தூங்கிக்கொண்டிருக்கும். ஆப் கட்டுகிற செலவை எக்செல்லில் பத்து வரி எழுதுகிறவர்கள் இந்த 50 லட்சத்தை எங்குமே எழுதுவதில்லை.

எங்கிருந்து வருகிறீர்கள் என்பது முக்கியமா?

கொஞ்சம்தான். ஆன்லைன் பேமென்ட் கம்பெனி ரேஸர்பேயை 2014ல் தொடங்கிய ஹர்ஷில் மாத்தூரும் சஷாங்க் குமாரும் ரூர்க்கி ஐஐடிக்காரர்கள், ஒருவர் எண்ணெய்வயல் சேவைக் கம்பெனியிலிருந்தும் இன்னொருவர் மைக்ரோசாஃப்டிலிருந்தும் வந்தவர்கள், வங்கியில் வேலை பார்த்ததில்லை. பங்கு வர்த்தகக் கம்பெனி ஜெரோதாவின் நிதின் காமத் கால் சென்டரில் வேலை பார்த்தபடி பங்குச் சந்தையில் விளையாடியவர், அப்புறம் சப்-ப்ரோக்கர், 2010ல்தான் கம்பெனி. வெளி முதலீடு வாங்காமலே வளர்ந்தார்கள். ஆக ஒரே பாதை என்று எதுவும் கிடையாது.

ஆனாலும் என்னிடம் கேட்டால், தொடங்குமுன் ஒன்றிரண்டு வருடம் பணம் ஓடுகிற இடத்தில் வேலை பாருங்கள். அதில் சென்னையில் இருப்பவர்களுக்கு ஒரு வசதி. பெங்களூரு மாதிரி ஆப் கம்பெனிகள் இங்கே குவியவில்லை என்றாலும் கடன் கொடுத்து வாங்குகிற தொழில் இந்த ஊருக்குப் பழசு. சுந்தரம் ஃபைனான்ஸ் 1954லிருந்து இருக்கிறது, ஸ்ரீராம் 1974லிருந்து, சோழமண்டலம், ஃபைவ் ஸ்டார், நார்தர்ன் ஆர்க் எல்லாம் இங்கேதான். பேங்க்பஜார், எம்2பி, யூபி மாதிரி புதிய கம்பெனிகளும் இங்கிருந்துதான் முளைத்தன. இந்த மாதிரி இடங்களில் சேர முடிந்தால் தயவுசெய்து ப்ராடக்ட் டீமுக்கே ஆசைப்படாதீர்கள். வசூல் பிரிவு, ஆபரேஷன்ஸ், ரிஸ்க், இதில் ஏதாவது ஒன்றில் உட்காருங்கள். லாரி வைத்திருப்பவர் எந்த மாதம் டியூ கட்டமாட்டார், ஏன் கட்டமாட்டார் என்று தெரிந்தவரின் பக்கத்தில் ஆறு மாதம் உட்கார்ந்தால் கிடைக்கிற அறிவு வேறெங்கும் கிடைக்காது.

கூட்டாளியைப் பற்றி ஒரே ஒரு விஷயம். இரண்டு பேரும் கோடு (கம்ப்யூட்டர் நிரல்) எழுதுகிறவர்களாக இருந்தால் மூன்றாவது ஆளைத் தேடுங்கள், அந்த ஆள் வங்கி மேனேஜர் முன்னால் இரண்டு மணி நேரம் காத்திருந்தும் முகம் கோணாதவராக இருக்க வேண்டும். பங்குகளை நான்கு வருட வெஸ்டிங்கில், அதாவது இருக்க இருக்கக் கொஞ்சம் கொஞ்சமாகச் சொந்தமாகும்படி, போடுங்கள், முதல் வருடம் முடியும் முன் விலகினால் ஒன்றும் கிடையாது என்று எழுதிக்கொள்ளுங்கள். கல்லூரி நண்பனிடம் இதையெல்லாம் எப்படிக் கேட்பது என்று கூச்சமாக இருக்கும். கேட்டுவிடுங்கள்.

உங்கள் சொந்த வீட்டைச் சுத்தம் செய்யுங்கள்

இதை யாரும் சொல்வதில்லை. லைசென்ஸுக்கு விண்ணப்பித்தால் இயக்குநர்கள் தகுதியானவர்களா என்று பார்ப்பார்கள். உங்கள் கிரெடிட் அறிக்கை, வருமான வரி ரிட்டர்ன், நீங்கள் இயக்குநராக இருந்த பழைய கம்பெனிகள் எல்லாம் மேசைக்கு வரும். கல்லூரி நாளில் வாங்கிக் கட்டாமல் விட்ட 8,000 ரூபாய் கிரெடிட் கார்டு பாக்கி அப்போது எழுந்து நிற்கும். நண்பனுக்காகக் கையெழுத்துப் போட்டு இயக்குநராகி, பிறகு மறந்துபோன கம்பெனி இன்னும் மோசம். அதன் ரிட்டர்ன்கள் மூன்று வருடம் தொடர்ந்து தாக்கலாகாமல் கிடந்தால் நீங்கள் எந்தக் கம்பெனியிலும் இயக்குநராக இருக்கும் தகுதியையே ஐந்து வருடத்துக்கு இழந்துவிடலாம்.

வீட்டுக் கடன் வாங்கும் எண்ணம் இருந்தால் வேலையை விடும் முன்பே வாங்கிவிடுங்கள். அடுத்தவருக்குக் கடன் ஏற்பாடு செய்கிற கம்பெனியின் முதலாளி என்று போய் நின்றபோது எனக்கு ஒரு வங்கி கடன் மறுத்தது, "சம்பள சான்றிதழை நீங்களே உங்களுக்குக் கொடுத்திருக்கீங்களே சார்" என்று. அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது.

அப்புறம் காசோலை. கம்பெனிக் காசோலை திரும்பினால் கம்பெனியை நடத்துகிற இயக்குநரும் வழக்கில் வருவார், மாற்றுமுறை ஆவணச் சட்டம் 138, 141 பிரிவுகள். தனிப்பட்ட ஜாமீன் கையெழுத்து கேட்டால் வீட்டில் பேசாமல் போடாதீர்கள்.

முதல் கூட்டாளி வங்கி

நீங்கள் போகிற முதல் வங்கி முடியாது என்று சொல்லும். பத்தாவதும் சொல்லும். ரேஸர்பே நிறுவனர்களே தொடக்கத்தில் வங்கி வங்கியாக ஏறி இறங்கியவர்கள்தான். ஆகவே மனம் விடாதீர்கள், ஆனால் தப்பான ஆளிடம் போய்க்கொண்டே இருக்காதீர்கள். கிளை மேனேஜரால் இதில் எதுவும் செய்ய முடியாது. டிஜிட்டல் கூட்டுறவுக்கென்று தலைமையகத்தில் ஒரு பிரிவு இருக்கும், அவர்களைப் பிடித்தபிறகும் கம்ப்ளையன்ஸ் (விதிப்படி நடக்கிறதா என்று பார்க்கிற பிரிவு), தகவல் பாதுகாப்பு, சட்டம் என்று மூன்று மேசை தாண்ட வேண்டும். ஆறு மாதம் என்று சொன்னால் ஒன்பது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

போகும்போது ஆப் டெமோவைக் கடைசியில் வையுங்கள். முதல் பக்கத்தில் ஒரு படம் இருக்கட்டும்: பணம் எங்கே கிளம்புகிறது, எந்தக் கணக்கு வழியாகப் போகிறது, எங்கே சேருகிறது, ஒவ்வொரு இடத்திலும் எவ்வளவு நேரம் நிற்கிறது, தவறினால் யார் பொறுப்பு. நாங்கள் மூன்று இடத்தில் ஸ்லைடு காட்டித் திரும்பி வந்தோம், நான்காவது இடத்தில் ஒரு ஏ4 தாளில் பேனாவால் இந்தப் படத்தைப் போட்டுக் காட்டினேன். அந்த அதிகாரி தாளை வாங்கி, இரண்டு அம்புகளை அடித்துத் திருத்தி, "இப்படியா இருந்தா பேசலாம்" என்றார்.

கிடைத்தபிறகு அடுத்த வேலை இரண்டாவது வங்கியைத் தேடுவது. முதல் வங்கி கிடைத்த மகிழ்ச்சியில் எல்லோரும் இதைத் தள்ளிப்போடுவார்கள். 2020 மார்ச் 5 இரவு யெஸ் வங்கிக்கு ரிசர்வ் வங்கி தடைக்காலம் அறிவித்தது. ஃபோன்பேயின் யுபிஐ முழுதும் அந்த ஒரு வங்கியை நம்பி ஓடிக்கொண்டிருந்தது, சேவை படுத்துவிட்டது. அவ்வளவு பெரிய கம்பெனி என்பதால் ஐசிஐசிஐ வங்கிக்கு அவசரமாக மாறி மீண்டும் எழுந்து உட்கார முடிந்தது. உங்களுக்காக எந்த வங்கியும் ராத்திரி கண் விழிக்காது. இரண்டாவது ஒப்பந்தத்துக்குச் செலவு ஆகும், பரிவர்த்தனை ஓடாமல் சும்மா கிடப்பதுபோலத் தெரியும், இருந்தாலும் வாரம் ஒருமுறை பத்து பரிவர்த்தனையாவது அதன் வழியாக ஓட்டி உயிரோடு வையுங்கள்.

ராத்திரி கணக்கு

நிறுவனருக்குத் தெரிந்தே ஆக வேண்டிய ஒரு வேலை என்றால் ரீகான்தான். ரீகன்சிலியேஷன், அதாவது கணக்கு ஒத்துப்பார்ப்பது, என்று முழுசாகச் சொல்ல யாருக்கும் பொறுமை இல்லை. நம் மளிகைக் கடை அண்ணாச்சி ராத்திரி கல்லாவை எண்ணி நோட்டில் எழுதுவாரே, அதேதான். உங்கள் சிஸ்டம் சொல்கிற கணக்கு, வங்கி அறிக்கை சொல்கிற கணக்கு, கூட்டாளி அனுப்புகிற ஃபைல் சொல்கிற கணக்கு, மூன்றும் ஒவ்வொரு நாளும் ஒரு ரூபாய் பிசகாமல் ஒத்துப்போக வேண்டும்.

எங்கள் இரண்டாவது வருடம், கடைகளுக்கு ஊக்கத்தொகையை ஒரு வங்கியின் பேஅவுட் ஏபிஐ (எங்கள் சிஸ்டம் வங்கிக்குப் பணம் அனுப்பச் சொல்கிற இணைப்பு) வழியாக அனுப்பிக்கொண்டிருந்தோம். ஒரு சனிக்கிழமை மதியம் அந்தப் பக்கத்திலிருந்து பதில் வரவில்லை, டைம்அவுட். எங்கள் பையன் எழுதியிருந்த கோடு, பதில் வராவிட்டால் தோல்வி என்று எடுத்துக்கொண்டு மறுபடி அனுப்பும். உண்மையில் முதல் தடவையே பணம் போய்விட்டிருந்தது. 41 கடைகளுக்கு இரண்டு தடவை, கூடுதலாக 2,86,000 ரூபாய். எங்கள் சிஸ்டம் எதையும் கத்தவில்லை. சாயங்காலம் ஆறு மணிக்குக் கொளத்தூர் அண்ணாச்சி ஒருவர் போன் பண்ணினார். "தம்பி, கணக்குல ரெண்டு தடவ ஏறியிருக்கு, பாத்தியா இல்லையா?"

அடுத்த பத்து நாள் நானும் என் கூட்டாளியும் பைக்கில் கடை கடையாகப் போனோம். 38 பேர் திருப்பிக் கொடுத்தார்கள், சிலர் டீயும் வாங்கிக் கொடுத்தார்கள். மூன்று பேர் கொடுக்கவில்லை.

அதிலிருந்து கற்றுக்கொண்டது இது. பதில் வராதது தோல்வி ஆகாது, அது "தெரியவில்லை" என்கிற மூன்றாவது நிலை. ஒவ்வொரு பேஅவுட்டுக்கும் நீங்களே ஒரு தனி எண் கொடுங்கள், மறுபடி அனுப்பினாலும் அதே எண்ணில் அனுப்புங்கள், ஒரே எண் இரண்டாவது தடவை வந்தால் மறுக்கும் வசதி வங்கிப் பக்கம் இருக்கிறதா என்று ஒப்பந்தத்துக்கு முன்பே கேளுங்கள். இல்லை என்றால், நிலை தெரியும்வரை எதையும் தானாக மறுபடி அனுப்பாதீர்கள். ஒரு நாளைக்கு இவ்வளவுக்கு மேல் போகக் கூடாது என்று உச்சவரம்பு வையுங்கள். ரீகானை மறுநாள் காலை ஒருமுறை என்று வைக்காமல் மணிக்கு ஒருமுறை ஓட்டுங்கள். அந்த அறிக்கையை முதல் இரண்டு வருடம் நிறுவனரே பார்க்க வேண்டும், ஆபீஸ் பையனிடம் தள்ளிவிடக் கூடாது.

வாடிக்கையாளர் பணம் நடுவழியில் மாட்டினால் எத்தனை நாளில் திரும்ப வேண்டும் என்பதற்கும் 2019 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி கெடு வைத்திருக்கிறது. யுபிஐயில் கடைக்குக் கொடுத்த பணம் பிடிக்கப்பட்டு உறுதி கிடைக்காமல் போனால் பரிவர்த்தனை நாளுக்குப் பின் ஐந்து நாளுக்குள் தானாகத் திரும்ப வேண்டும், தாண்டினால் நாளுக்கு 100 ரூபாய் இழப்பீடு. உங்கள் கஸ்டமர் கேர் ஆளுக்கு இந்த எண்கள் மனப்பாடமாக இருக்கட்டும். பணம் போய்விட்டதோ என்று பதறிக்கொண்டு இருப்பவரிடம் "டிக்கெட் எழுப்பியிருக்கிறோம்" என்று மட்டும் சொன்னால் அவர் அடுத்து எழுப்புவது ட்விட்டரில்.

விதி மாறும் காலை

இந்தத் தொழிலில் எல்லோருக்கும் ஒரு கறுப்பு நாள் உண்டு. 2018 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் ஆதார் தீர்ப்பு சொன்னபோது, தனியார் கம்பெனிகள் ஆதார் இ-கேஒய்சியை வைத்து நிமிஷத்தில் ஆளைச் சேர்த்துக்கொண்டிருந்தது நின்றது. 2022 ஜூன் 20 அன்று, ப்ரீபெய்டு கார்டில் கடன் வரம்பிலிருந்து பணம் ஏற்றக் கூடாது என்று ரிசர்வ் வங்கி சொன்னது, அந்த மாதிரிக் கார்டை வைத்தே வளர்ந்த ஸ்லைஸ் போன்ற கம்பெனிகளின் முக்கியப் பொருளே ஆட்டம் கண்டது. ஸ்லைஸ் திசை மாறி 2024ல் ஒரு சிறு நிதி வங்கியோடு இணைந்து, வங்கியாகவே ஆகிவிட்டது. 2022 டிசம்பரில் ரேஸர்பே உட்படச் சில பேமென்ட் கம்பெனிகள் புதிய கடைகளைச் சேர்க்க முடியாமல் நின்றன, இறுதி அனுமதி வர ஒரு வருடம் ஆனது. ஒரு வருடம் புது வாடிக்கையாளர் இல்லாமல் உங்கள் கம்பெனி நிற்குமா என்று யோசித்துப் பாருங்கள்.

இதில் ஒரு ஒழுங்கு இருப்பதாக எனக்குப் படுகிறது. யார் கடன் கொடுக்கிறார்கள் என்று கடன் வாங்குகிறவருக்கே தெரியாத இடம், பணம் நடுவில் தேங்குகிற இடம், லைசென்ஸ் இல்லாதவர் லைசென்ஸ் உள்ளவரின் ரிஸ்க்கை மறைமுகமாகச் சுமக்கிற இடம், இந்த மூன்றில்தான் பெரும்பாலும் கத்தி விழுகிறது. உங்கள் பொருள் இதில் ஒன்றின்மேல் நின்றால், இன்றைக்குச் சட்டப்படி சரியாக இருந்தாலும், இன்னும் எத்தனை நாள் என்று கேட்டுக்கொள்ளுங்கள். "எல்லோரும் அப்படித்தானே செய்கிறார்கள்" என்பது விதி வந்த அன்றைக்கு உதவாது.

நடைமுறையில் என்ன செய்யலாம்? ரிசர்வ் வங்கி சுற்றறிக்கைகளை மூலத்திலேயே படியுங்கள், செய்தித்தாள் சுருக்கம் வேண்டாம். வறட்டு ஆங்கிலம்தான், இரண்டு மாதத்தில் பழகிவிடும். ஐந்தாவது அல்லது ஆறாவது ஆளாகவே கம்ப்ளையன்ஸ் ஆளை எடுங்கள், வங்கியில் ஓய்வு பெற்ற அதிகாரி ஒருவர் பகுதி நேரமாக வந்தாலும் சரி. எங்களோடு இருக்கும் ஐயா வாரம் இரண்டு நாள் வருவார், மூன்றில் இரண்டு யோசனைக்கு "வேணாம் தம்பி" என்பார், அவருக்குக் கொடுக்கிற சம்பளம்தான் நான் கொடுப்பதிலேயே மலிவு. பேமென்ட் தரவு இந்தியாவுக்குள்ளேயே இருக்க வேண்டும் என்பது 2018லிருந்து விதி, சர்வர் எடுக்கும்போதே பார்த்து எடுங்கள். ஹேக் போன்ற சம்பவம் நடந்தால் தெரிந்த ஆறு மணி நேரத்துக்குள் மத்திய அரசின் கணினிப் பாதுகாப்பு அமைப்பான செர்ட்-இன்னுக்குச் சொல்ல வேண்டும். யார் சொல்வார், எந்த மின்னஞ்சலிலிருந்து என்று இப்போதே எழுதி ஒட்டுங்கள்.

வசூல்

கடன் ஆப் நடத்தினால் உங்கள் பெயர் கெடுவதும் நிலைப்பதும் இங்கேதான். நம் ஊருக்குத் தண்டல், கந்துவட்டி, மீட்டர் வட்டி என்று பழைய காயம் உண்டு. 2003ல் கந்துவட்டித் தடைச் சட்டமே போட்ட மாநிலம். அதன் பிறகு போன் தொடர்புப் பட்டியலை உருவி, உறவினருக்கெல்லாம் போன் போட்டு அவமானப்படுத்துகிற ஆப்கள் வந்தன. இப்போது விதிப்படி கடன் ஆப் தொடர்புப் பட்டியலையோ புகைப்படங்களையோ தொடவே கூடாது. உங்கள் டெவலப்பர் வேறொருவர் எழுதிய ஏதோ ஒரு எஸ்டிகேயை (ஆப்பில் ஒட்டுகிற தயார் நிரல்) சேர்க்கும்போது அந்த அனுமதியும் சேர்ந்து வந்துவிடும், ஒவ்வொரு வெளியீட்டுக்கும் முன் அனுமதிப் பட்டியலை நீங்களே ஒருமுறை பாருங்கள்.

வசூலுக்கு வெளி ஏஜென்சி வைத்தாலும் அவர்கள் பேசுவது உங்கள் வாய்தான். மாதம் ஒருநாள் அழைப்புப் பதிவுகளை உட்கார்ந்து கேளுங்கள். நான் முதல்முறை கேட்ட அன்று ஒரு ஏஜென்சியை நிறுத்தினேன், வசூல் கொஞ்சம் விழுந்தது, இரண்டு மாதத்தில் சரியாகிவிட்டது. தவணை தேதியைக் கடைக்காரரின் பணம் வரும் நாளுக்கு ஏற்ப மாற்றியதில் கிடைத்த பலன் மிரட்டலில் கிடைத்ததைவிட அதிகம். ஆடி மாதம் ஜவுளிக் கடைக்குக் கடன் கொடுப்பதும் தீபாவளிக்கு முன் கொடுப்பதும் ஒன்றா?

முதலீடு

இதைப் பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள், நான் ஃபின்டெக்குக்கு மட்டும் உள்ளதைச் சொல்கிறேன். கம்பெனி என்பிஎஃப்சியாக இருந்தால், பங்குகளில் 26 சதவீதம் அல்லது அதற்கு மேல் கை மாறுகிற முதலீட்டுக்கு ரிசர்வ் வங்கியின் முன் அனுமதி வேண்டும், அதற்கு மாதக்கணக்கில் ஆகும். கையில் மூன்று மாதக் காசு இருக்கும்போது திரட்டக் கிளம்பினால் தொலைந்தீர்கள். வெளிநாட்டு முதலீட்டாளர் எந்த நாட்டிலிருந்து வருகிறார் என்பதும் பார்க்கப்படும். ஸ்டார்ட்அப் பங்குக்கு மதிப்பைவிட அதிகமாக வந்த முதலீட்டின்மேல் போட்ட ஏஞ்சல் வரி 2024 பட்ஜெட்டில் நீக்கப்பட்டது ஒரு நிம்மதி. தமிழ்நாட்டில் அரசு அமைப்பான ஸ்டார்ட்அப் டிஎன்னின் டான்சீட் என்கிற தொடக்க நிதித் திட்டத்துக்கும் விண்ணப்பித்துப் பாருங்கள், தொகையைவிட அதற்காக நீங்கள் தயாரிக்கிற தாள்கள் பிறகு எல்லா இடத்திலும் உதவும்.

கடன் கொடுக்கிற பணத்தையும் கம்பெனி நடத்துகிற பணத்தையும் ஒரே பையில் போடாதீர்கள். பங்கு விற்று வந்த பணத்தைக் கடனாகக் கொடுத்துத் தீர்ப்பது விதை நெல்லைச் சமைப்பது மாதிரி.

நிறுவனரின் வேலை எப்படி மாறும்

முதல் வருடம் நீங்கள்தான் கஸ்டமர் கேர், விற்பனை, கோடு, டீ வாங்கப் போகிற ஆள். சம்பளம் எடுங்கள், குறைவாகவாவது. எடுக்காமல் இருப்பது தியாகம் மாதிரித் தெரியும், எட்டாவது மாதத்தில் வீட்டில் சண்டையாக வெடிக்கும். மூன்றாவது வருடம் பாதி நாள் ஆடிட்டரோடும் கூட்டாளி நிறுவனத்தின் தணிக்கைக் குழுவோடும் போகும். "நான் ப்ராடக்ட் ஆள்" என்று இதிலிருந்து தப்பிக்கப் பார்த்தவர்களை எனக்குத் தெரியும், அவர்கள் இப்போது வேறு யாரோ நடத்துகிற கம்பெனியில் ப்ராடக்ட் பார்க்கிறார்கள். அதில் தப்பும் இல்லை. ஐந்து வருடம் ஆனபின் உங்கள் வேலை பெரும்பாலும் வேண்டாம் என்று சொல்வது: இந்தக் கடை வகைக்குக் கடன் வேண்டாம், இந்த முதலீட்டாளர் வேண்டாம், இந்த மாத இலக்கு வேண்டாம்.

மூட வேண்டி வந்தால் அதற்கும் முறை உண்டு. ஓடிக்கொண்டிருக்கிற கடன்களை யார் வசூலிப்பார் என்று கூட்டாளி என்பிஎஃப்சியோடு எழுத்தில் முடியுங்கள். வாடிக்கையாளர் ஆவணங்களை ஒப்பந்தப்படி ஒப்படையுங்கள் அல்லது அழித்துச் சான்று வாங்குங்கள். பணியாளர் பிஎஃப் பாக்கி வைக்காதீர்கள். கடன், வழக்கு எதுவும் இல்லாத கம்பெனியைப் பதிவேட்டிலிருந்து நீக்க எஸ்டிகே-2 படிவம், அரசுக் கட்டணம் 10,000 ரூபாய். உத்தரவு வரக் காலம் பிடிக்கும், அதுவரை ஆடிட்டர் பீஸ் ஓடிக்கொண்டே இருக்கும். ஆகவே அந்தத் தொகையைத் தனி எஃப்டியாக முதல் வருடமே போட்டுவிடுங்கள். நான் போட்டு வைத்திருக்கிறேன். இன்னும் உடைக்கவில்லை.